மேட்னியில் கரையேறியவன்

பென்னாகரத்தில் ஞாயிற்றுக்கிழமை காலைக்காட்சிக்கு இங்கிலீஷ் படம் போடுவார்கள். ஊரில் இங்கிலீஷ் தெரிந்தவர்களை ஒரு கை விரல்களில் எண்ணிவிடலாம். அவர்களும் ஞாயிற்றுக்கிழமை என்றால் தர்மபுரிக்குப் பஸ் ஏறிவிடுவார்கள். ஆனாலும் ஜானகியம்மாளின் தகரக் கொட்டகை நிறைந்து வழியும். அந்தக் கூட்டம் வெள்ளைக்காரனைப் பார்க்க வந்த கூட்டம் இல்லை, சலாவுதீன் பேசுவதைக் கேட்க வந்த கூட்டம்.

சலாவுதீன் கல்யாணங்களுக்கு மைக் செட் வாடகைக்கு விடுகிறவன். ஊரே அவனை 'மைக் பாய்' என்றுதான் கூப்பிடும். கொட்டகையில் ஆபரேட்டர் அறைச் சுவரில், புரொஜெக்டர் ஓட்டைக்குப் பக்கத்திலேயே அவனுக்கென்று இன்னொரு ஓட்டை போட்டு, ஒரு ஸ்டூலும் மைக்கும் வைத்திருந்தார்கள். திரையில் வெள்ளைக்காரன் வாயைத் திறந்தால் ஆபரேட்டர் சவுரியப்பன் சத்தத்தைக் குறைப்பான். சலாவுதீன் தமிழில் ஆரம்பிப்பான்.

"குதிரை மேல வர்றான் பாருங்க, இவன் பேரு முனுசாமி. பாப்பாரப்பட்டிச் சந்தையில மாட்டுத் தரகு. பின்னாடி துப்பாக்கியோட தொரத்திக்கிட்டு வர்றவன் இவனோட பங்காளி. ஒரு மொழ வரப்புக்குத்தான் இத்தன சண்டை!"

கொட்டகை கிடுகிடுக்கும். படம் எடுத்தவன் கேட்டால் தூக்குப் போட்டுக்கொள்வான், அது வேறு விஷயம். சலாவுதீனுக்கு இந்த வேலையில் இரண்டே கட்டுப்பாடு. எந்த நாட்டு ஆள் திரைக்கு வந்தாலும் வந்தவுடனே அவனுக்கு நம்ம பக்கத்துப் பேர் ஒன்று வைத்துவிட வேண்டும். இரண்டாவது, மைக் பத்து மூச்சுக்கு மேல் சும்மா இருக்கக் கூடாது. இருந்தால் முதலில் விசில் வரும், அப்புறம் மணல் வரும், அப்புறம் பெஞ்சே வரும்.

இப்படி ஊருக்கே சேர்த்துப் பேசுகிறவன், பேசியே ஆக வேண்டிய ஒரு நேரத்தில் வாயைத் திறக்கவில்லை. அதை மூடி மறைத்து வேடிக்கை காட்டுவதில் அர்த்தமில்லை, இப்போதே சொல்லிவிடலாம்.

எண்பத்திரண்டாம் வருஷம் மாசி மாதம் அது. சலாவுதீனும் அவனுடைய கூட்டாளி மாதுவும் ஆற்றில் வெடி போட்டு மீன் பிடிக்கப் போனார்கள். மாது கிணறு வெட்டுகிறவன், பாறை உடைக்க வெடித் தோட்டா வைக்கிற கை. வேலையில் மிச்சப்படுத்திய இரண்டு தோட்டாவை மடியில் கட்டிக்கொண்டு வந்திருந்தான். ஒகேனக்கல்லுக்கு மேலே காட்டுக்குள் ஆனைமடு என்று ஆழமான ஒரு இடம். ஃபாரஸ்ட்காரர் பிடித்தால் ஜெயில்தான். அதனால் பாறை மேல் நின்று ஆள் நடமாட்டம் பார்த்துக் குரல் கொடுக்கிற வேலை சலாவுதீனுக்கு. குரல்தான் அவன் சொத்து ஆயிற்றே.

இரண்டு தோட்டாவும் தண்ணீருக்குள் போயின. ஒன்று வெடித்தது. மற்றது வெடிக்கவில்லை. திரி நனைந்துவிட்டது என்று மாது நினைத்தான். தலைத்துண்டை அவிழ்த்துப் பாறை மேல் வைத்து, அது பறக்காமல் இருக்க ஒரு கல்லைத் தூக்கி வைத்துவிட்டுக் குதித்தான். ஒரு தடவை முங்கி, கை நிறைய மீனோடு எழுந்து சிரித்தான். அப்போதுதான் மேலே நின்ற சலாவுதீனுக்கு, மாதுவுக்கு நாலு முழம் தள்ளித் தண்ணீருக்கடியிலிருந்து நூல் பிடித்தாற்போல் குமிழி வருவது தெரிந்தது. திரி உள்ளே எரிந்துகொண்டிருந்தது.

'மேலே வாடா' என்று ஒரு கத்துக் கத்தினால் போதும். ஆனால் அதே சமயம் எதிர்க்கரையில், முதல் வெடிச்சத்தம் கேட்டு வந்த காக்கிச்சட்டை தெரிந்தது. கத்தினால் மாட்டிக்கொள்வோம். சலாவுதீன் திறந்த வாயைப் பொத்திக்கொண்டு புதருக்குள் உட்கார்ந்துவிட்டான். மாது இரண்டாம் தடவை முங்கினான். தண்ணீர் ஆள் உயரம் எழும்பி விழுந்தது. அதற்கப்புறம் மாது எழவில்லை. ஆறு அவனை எங்கே கொண்டுபோய்ச் சேர்த்ததோ, இன்றுவரை யாருக்கும் தெரியாது.

அன்று சாயங்காலம் மாதுவின் பெண்சாதி கண்ணம்மாளிடம் வந்து சலாவுதீன் சொன்னான்.

"பெங்களூருல பெரிய காண்ட்ராக்ட்டு வேலையாம் தங்கச்சி. அவசரமாக் கெளம்பிட்டான். நான்தான் பஸ் ஏத்தி வுட்டுட்டு வர்றேன்."

ஒரு பொய் சொன்னால் அதற்குத் தீனி போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். கண்ணம்மாள் கொட்டகையில் வேர்க்கடலை விற்கிறவள். ஞாயிறு தவறாமல் கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்து கேட்பாள். "சேதி எதாச்சும் வந்துச்சுங்களா பாய்?" இவனும் எதையாவது சொல்வான். பாலக்கோட்டுக்காரர் ஒருத்தர் பெங்களூர் மார்க்கெட்டில் பார்த்தாராம், ஆள் நல்லா சதை போட்டிருக்கானாம், பொங்கலுக்கு வருவானாம். அவள் நெற்றியில் குங்குமம் அழியாமல் இருந்தது. இரண்டு வருஷம் போய்விட்டது. சலாவுதீன் தூங்கும்போது வாயைச் சுற்றித் துண்டு கட்டிக்கொள்ளப் பழகியிருந்தான். பல்வலி என்று மனைவி அக்தர் பேகத்திடம் சொல்லியிருந்தான். தூக்கத்தில் வாய் எதையாவது உளறிவிடுமோ என்ற பயம்தான் காரணம். பென்னாகரம் பக்கம் தடுக்கி விழுந்தால் மாது என்று பேருள்ள ஒருவன் மேல்தான் விழ வேண்டும். ஆனாலும் இந்த இரண்டு வருஷத்தில் எத்தனையோ வெள்ளைக்காரர்களுக்குப் பேர் வைத்தவன், அந்தப் பேரை மட்டும் ஒருவனுக்கும் வைக்கவில்லை.

எண்பத்து நாலாம் வருஷம் ஆடி மாதத்து ஞாயிறு ஒன்றில்தான் அந்தப் பெட்டி வந்தது.

வழக்கமாகச் சேலத்திலிருந்து படப்பெட்டி சனிக்கிழமையே பஸ்ஸில் வந்துவிடும். சவுரியப்பன் முதல் இரண்டு ரீலை ஓட்டிக் காட்டுவான், சலாவுதீன் கதையை மனசுக்குள் கட்டிக்கொள்வான். அந்த வாரம் பெட்டி வரவில்லை. ஞாயிறு காலை பத்தரை மணிக்கு வந்த பஸ்ஸின் கூரையிலிருந்து இறங்கியது வேறு பெட்டி. தர்மபுரி பஸ் ஸ்டாண்டில் எங்கேயோ மாறிவிட்டது. அங்கே ஒரு வாத்தியார் கூட்டம், கதை இல்லாத வெளிநாட்டுப் படங்களை வரவழைத்துப் பார்த்துவிட்டு அதைப் பற்றி மணிக்கணக்கில் பேசிக்கொள்ளுமாம். அவர்களுக்குப் போக வேண்டியது இது. கொட்டகையில் ஐந்நூறு பேர் உட்கார்ந்தாயிற்று. டிக்கெட் வாங்கி உட்கார்ந்தவர்களை எழுப்பி வெளியே அனுப்புகிற துணிச்சல் ஜானகியம்மாளுக்கு இல்லை.

"எதா இருந்தா என்ன பாய், நீங்க இருக்கீங்கல்ல. ஓட்டுங்க" என்றாள்.

பெட்டிக்குள் டைப் அடித்த காகிதம் ஒன்று இருந்தது. சலாவுதீன் எஸ்.எஸ்.எல்.சி. வரை போனவன். எழுத்துக் கூட்டிப் படித்தான். இத்தாலி தேசத்துப் படம். சோதனை முயற்சி. இதற்குக் கதை கிடையாது. மனித மனம் எப்படி வேலை செய்கிறது என்பதை ஆராய்வதற்காக எடுத்தது. பார்க்கிறவர் தன் மனத்தில் இருப்பதைக் கொண்டு இதை நிரப்பிக்கொள்வார் என்று டைரக்டர் எதிர்பார்க்கிறார்.

"கதையே இல்லாமப் படமா? அதுக்குத்தான நாம இருக்கோம்" என்று சலாவுதீன் சிரித்தான். சவுரியப்பன் சிரிக்கவில்லை. அவன் ஃபிலிமை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"பாய், இதுல ஒரே கண்ணு ரொம்ப நேரத்துக்கு வருது" என்றான். "மூடிக்கிட்டிருக்கு."

மணி பதினொன்று. விளக்கு அணைந்தது.

திரை முழுக்க ஒரு கண். மூடிய கண். இமைக்குள் கருவிழி மட்டும் இப்படியும் அப்படியும் ஓடியது. பாட்டு இல்லை, பேச்சு இல்லை. யாரோ தூங்குகிற மாதிரி மூச்சுச் சத்தம் மட்டும். கொட்டகைக் கூட்டம் ஒரு நிமிஷம் பார்த்தது. பிறகு விசில் கிளம்பியது.

சலாவுதீன் மைக்கைத் தட்டினான். "தூங்கறாரு, தூங்கறாரு. காரிமங்கலம் சந்தைக்குப் போயிட்டு வந்த களைப்பு. எழுப்பிராதீங்க, பாவம்!"

சிரித்தார்கள். அவனுக்குத் தைரியம் வந்தது. கண் போய் ஒரு நீளமான நடைக்கூடம் வந்தது. இரண்டு பக்கமும் கதவுகள். கேமரா நடந்துகொண்டே இருந்தது, எந்தக் கதவும் திறக்கவில்லை. "தாலுகா ஆபீசு" என்றான் சலாவுதீன். "ஆபீசர் சாப்பிடப் போயிருக்காரு." அதற்கும் சிரித்தார்கள். நடையின் கடைசியில் ஒரு பெண் மேஜை முன்னால் இரண்டு தட்டு வைத்தாள். ஒன்றின் முன்னால் தான் உட்கார்ந்தாள். எதிர்த் தட்டுக்கு ஆள் இல்லை. அவள் சாப்பிடவும் இல்லை, எழுந்திருக்கவும் இல்லை. காத்திருந்தாள். காட்டியதையே காட்டிக்கொண்டிருந்தார்கள்.

இதற்கு ஒரு கதை சொல்ல வேண்டும். புருஷன் வரவில்லை, அவனுக்காகத்தான் காத்திருக்கிறாள் என்று சின்னப் பிள்ளையும் சொல்லும். சலாவுதீன் சொல்லவில்லை. ஓட்டை வழியாகக் கீழே பார்த்தான். பெண்கள் பக்கத்துத் தடுப்பை ஒட்டிக் கண்ணம்மாள் நின்றாள். கூடையைத் தரையில் இறக்கி வைத்துவிட்டுத் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்ன பாய், ஊமையாயிட்டீங்களா?" என்று முன்பெஞ்சிலிருந்து ஒருவன் கத்தினான்.

"அந்தம்மா விரதம்" என்று எதையோ சொல்லிச் சமாளித்தான். யாரும் சிரிக்கவில்லை.

இரண்டாம் ரீலில் ஆள் வந்தான். கோட்டுப் போட்ட நடுவயசுக்காரன். நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறான். யாரோ அவனை ஏதோ கேட்கிறார்கள். கேட்கிறவர் தெரியவில்லை, குரல் மட்டும். ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்கிறது. அவன் பதில் சொல்லவில்லை. ஆள் வந்தவுடன் பேர் வைக்க வேண்டும், கொட்டகை காத்திருக்கிறது. முனுசாமி போன வாரம் வைத்தாயிற்று. அந்தக் குரல் மறுபடி கேட்டது, மறுபடி கேட்டது. மூச்சு ஏழு, எட்டு, ஒன்பது. திரையில் இருந்தவன் தலையைச் சிலுப்பி நெற்றி மயிரைத் தள்ளிக்கொண்டு நிமிர்ந்தான். தண்ணீரிலிருந்து எழுகிறவன் அப்படித்தான் தள்ளிக்கொள்வான்.

"இவன் பேரு மாது" என்றது சலாவுதீனின் வாய்.

சொன்னது அவனுக்கே மைக்கில் கேட்டபோதுதான் தெரிந்தது. சட்டென்று மைக்கிலிருந்து கையை எடுத்துக்கொண்டான். ஆனால் ஊரில் நூறு மாது இருக்கிறான். முன்பெஞ்சில் ஒரு மாது எழுந்து நின்று கும்பிடுகூடப் போட்டான். எல்லாரும் சிரித்தார்கள். பயப்பட ஒன்றுமில்லை, அடுத்த ஆளுக்கு வேறு பேர் வைத்து மாற்றிவிடலாம் என்று சலாவுதீன் தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். அந்தப் படத்தில் அடுத்த ஆள் வரவே இல்லை.

மூன்றாம் ரீலில் தண்ணீர் வந்தது. ஏரியோ குளமோ, கறுப்பு வெள்ளையில் தார் மாதிரி அசையாமல் கிடந்தது. கோட்டுக்காரன் கரையில் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறான். அடுத்த காட்சியில் கரையில் ஆள் இல்லை. தண்ணீர் மட்டும் இருக்கிறது. திரை முழுக்கத் தண்ணீர்.

மைக் சும்மா இருந்தது. முன்பெஞ்சில் கால் தேய்க்கிற சத்தம் எழுந்தது. சவுரியப்பன் திரும்பிப் பார்த்தான். "பேசுங்க பாய், பெஞ்சு பறக்கப் போவுது."

சலாவுதீன் பேசினான். குரல் வழக்கமான குரலாக இல்லை, நகைச்சுவை போய்விட்டிருந்தது.

"மாது தண்ணிக்குள்ள எறங்கிட்டான். எறங்கறதுக்கு முன்ன தலைத்துண்ட அவுத்துப் பாறை மேல வெச்சான். காத்து அடிக்குதில்ல, பறந்துரும்னு ஒரு கல்லத் தூக்கி அது மேல வெச்சான். மீனுக்குத்தான் எறங்குனான். அவனுக்குத் தெரியாது, ஒரு தோட்டா உள்ள உயிரோட கெடக்கு."

கால் தேய்க்கிற சத்தம் நின்றது.

திரையில் தண்ணீர் போய் ஒரு வாய் வந்தது. உதடும் பல்லும் நாக்கும், கொட்டகைச் சுவர் அளவுக்கு. வாய் மெதுவாகத் திறந்தது. எதையோ கத்தப் போகிற மாதிரி முழுசாகத் திறந்தது. சத்தம் வரவில்லை. மூச்சுச் சத்தம்கூட நின்றுவிட்டது. அப்படியே திறந்து கிடந்தது. இத்தாலியில் எவனோ எதற்கோ எடுத்து வைத்தது, ஆனைமடுப் பாறை மேல் நின்றவனை எப்படித் தெரிந்து எடுத்தான் என்று சலாவுதீனுக்கு விளங்கவில்லை. அவன் மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான்.

"பாறை மேல ஒருத்தன் இருக்கான். உங்களுக்குத் தெரியாது, ஆனா இருக்கான். மாதுவோட கூட்டாளி. சாப்பாட்டுல பங்கு, பீடியில பங்கு. அவனுக்குக் குமிழி தெரியுது. ஒரு சத்தம் போட்டா மாது மேல வந்துருவான். சத்தம் போடல. அக்கரையில காக்கிச்சட்டையப் பாத்துட்டான். தன் தோலு முக்கியமாப் போச்சு. வாயத் தொறந்தான், கத்தல. மாது சிரிச்சிக்கிட்டே இன்னொரு முக்கு முங்குனான். அவ்வளவுதான். கூட்டாளி வூட்டுக்கு வந்து, மாது ஊருக்குப் போயிட்டான்னு சொல்லிட்டான். அந்தப் பொம்பள தட்டு வெச்சிக்கிட்டு உக்காந்திருக்கா."

படம் அதற்கப்புறமும் ஓடியது. அதே கதவுகள், அதே மேஜை, அதே தண்ணீர், முன்பின்னாக மாறி மாறி வந்தன. கடைசியில் அந்த மூடிய கண் திறந்து கொட்டகையைப் பார்த்தது. சலாவுதீன் ஒன்றும் சொல்லவில்லை. யாரும் விசில் அடிக்கவும் இல்லை.

விளக்குப் போட்டதும் கைதட்டல் தகரக் கூரையைத் தூக்கியது. பெண்கள் முந்தானையால் மூக்கைச் சிந்தினார்கள். ஒரு பெரியவர் மாடிப்படி ஏறி வந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டு, அந்தக் கூட்டாளிப் பயலைக் கடைசி வரைக்கும் போலீசில் பிடிச்சுக் குடுக்கலையே என்று வருத்தப்பட்டார். ஜானகியம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்தாள்.

"இப்புடி அழ வெச்சுட்டீங்களே பாய். வெளிய ஒரே பேச்சா இருக்குது. மேட்னிக்கும் இதையே போட்டுரலாம். நம்ம தமிழ்ப் படந்தான் பதினேழு நாளா ஓடுதே."

ஐந்நூறு பேர் முன்னால் கொலைக்குச் சமமான ஒன்றை ஒப்புக்கொண்டிருக்கிறான். ஐந்நூறு பேரும் கைதட்டிவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார்கள். சலாவுதீனுக்கு நெஞ்சு லேசான மாதிரியும் இருந்தது, அருவருப்பாகவும் இருந்தது. தப்பித்துவிட்டோம் என்று நினைத்துக்கொண்டு படி இறங்கினான். கீழ்ப்படியில் கண்ணம்மாள் உட்கார்ந்திருந்தாள்.

எழுந்து வழி விடவில்லை.

"படத்துல வந்தாரே மாது, அவரு யாருங்க பாய்?"

"யாரோ வெள்ளக்காரன் தங்கச்சி. வாயில வந்த பேர வெச்சேன்."

"அந்த வெள்ளக்காரன் கோட்டுத்தான் போட்டிருந்தான். தலைத்துண்டு ஏதுங்க அவனுக்கு? கல்லத் தூக்கித் துண்டு மேல வெச்சாருன்னு சொன்னீங்களே."

"ஆத்துல எறங்கற ஆளுங்க எல்லாருமே அப்படித்தான வெப்பாங்க."

"எங்க வூட்டுக்காரரும் அப்படித்தான் வெப்பாருங்க. கெணத்து வேலையில, தோப்புல, எங்க போனாலும்."

சலாவுதீன் நாக்கை அசைத்தான். இதுதான் நேரம். மைக் இல்லை, கூட்டம் இல்லை, ஒரு ஆள்தான் எதிரில். மேலே ஐந்நூறு பேருக்குச் சொன்னதை இங்கே ஒருத்திக்குச் சொன்னால் தீர்ந்தது. அவள் முகத்தைப் பார்த்தான்.

"சும்மா கதைதான் தங்கச்சி" என்றான்.

கண்ணம்மாள் தலையை ஆட்டிக்கொண்டாள். கூடையில் கிடந்த கடலையைக் கையால் அளைந்தாள்.

"கதைதானுங்களே. அப்ப அவரு செத்ததப் படத்துல காட்டலியே. தண்ணியத்தான காட்டுனாங்க. நீங்களாத்தான சாகடிச்சீங்க? மேட்னிக்கு அவரக் கரையேத்தி வுட்டுருங்க பாய். நான் முன்னாடி உக்காந்து கேக்கறேன்."

கெஞ்சுகிறாளா, கேலி செய்கிறாளா, புத்தி கலங்கிவிட்டதா என்று அவனுக்கு விளங்கவில்லை. விளங்கிக்கொள்ள அவன் விரும்பவும் இல்லை. தப்பிக்க வழி கிடைத்தது என்பது மட்டும் விளங்கியது. காலையில் வாய் தவறி விழுந்ததை மத்தியானம் அதே வாயால் அழித்துவிடலாம். அவளும் நம்பிவிடுவாள். பழையபடி ஞாயிறுக்கு ஞாயிறு ஒரு சேதி சொல்லிக்கொண்டு காலத்தை ஓட்டலாம். "செஞ்சுடலாம் தங்கச்சி" என்றான். அப்படிச் சொன்னவனை நாம் ஓங்கி அறைய வேண்டும். ஆனால் அவன் அப்படித்தான் சொன்னான்.

மேட்னிக்குக் கூட்டம் இரண்டு மடங்கு. கண்ணம்மாள் கூடையை வெளியே யாரிடமோ ஒப்படைத்துவிட்டுப் பெண்கள் பக்கத்தில் முதல் வரிசையில் உட்கார்ந்தாள். திரையைப் பார்க்கவில்லை. உடம்பைத் திருப்பி, பின்சுவரில் இருந்த அவனுடைய ஓட்டையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள். விளக்கு அணைந்த பிறகும், திரையின் வெளிச்சம் மங்கி எழும்போதெல்லாம் அவள் முகம் இந்தப் பக்கமே திரும்பியிருந்தது.

கண் வந்தது, கதவுகள் வந்தன, மேஜை வந்தது. தண்ணீர் வந்தபோது சலாவுதீன் மூச்சை இழுத்துக்கொண்டு ஆரம்பித்தான்.

"பாறை மேல நின்ன கூட்டாளி குமிழியப் பாத்துட்டான். பாத்த உடனே போட்டான் பாருங்க ஒரு சத்தம்! காடே அதிருது. மாது ஒரே தாவுல கரைக்கு வந்துட்டான். வெடி வெடிச்சுது, ஆனா மாதுவுக்கு ஒரு கீறல் கெடையாது. துண்ட ஒதறித் தலையில கட்டிக்கிட்டான். பெங்களூரு பஸ்ஸப் புடிச்சான். அங்க இன்னிக்கும் நல்லா இருக்கான், நல்லா சம்பாதிக்கறான்."

சொல்லச் சொல்ல அவன் குரலுக்கே அதில் ஒரு ருசி வந்துவிட்டது. அந்தச் சத்தத்தை மைக்கில் போட்டே காட்டினான். "மாதூ, மேல வாடா!" தகரக் கொட்டகை முழுக்க எதிரொலித்தது. திரையில் அந்தப் பெரிய வாய் சத்தமில்லாமல் திறந்து கிடந்தது.

"காலையில செத்துட்டான்னாங்களே!" என்று காலைக்காட்சியும் பார்த்த ஒருவன் கத்தினான். கொட்டகை கொல்லென்று சிரித்தது. மாது கரையேறியது யாருக்கும் பிடிக்கவில்லை. பாதிப் படத்திலேயே எழுந்து போக ஆரம்பித்தார்கள். ஜானகியம்மாள் மேலே ஆள் அனுப்பி, ஆள் சாகிற மாதிரியே சொல்லச் சொன்னாள். சலாவுதீன் மாற்றவில்லை. கடைசிக் காட்சியில் கண் திறந்தபோது கொட்டகையில் முப்பது பேர் இருந்திருப்பார்கள். கண்ணம்மாள் எழுந்து முந்தானையை உதறிச் சொருகிக்கொண்டு போனாள்.

அன்று சலாவுதீன் வாயில் துண்டு கட்டாமல் படுத்தான். இரண்டு வருஷத்தில் முதல் தடவையாக அசந்து தூங்கினான். முடிந்துவிட்டது என்று நினைத்தான்.

மறுநாள் காலை ஆறரை மணிக்கு வாசலில் ஆள் சத்தம் கேட்டது. அக்தர் பேகம் வந்து எழுப்பினாள்.

"கடலைக்கார அக்கா வந்திருக்காங்க. உங்களக் கையோட கூட்டிட்டுப் போவணுமாம்."

கண்ணம்மாள் கல்யாணத்துக்குப் போகிறவள் மாதிரி வந்திருந்தாள். சிவப்பில் பட்டுக்கரை வைத்த புடவை, தலையில் கனகாம்பரம், கையில் ஒரு மஞ்சள் பை. நெற்றியில் குங்குமம் வழக்கத்தைவிடப் பெரிசாக இருந்தது.

"ஏழு மணிக்குப் பெங்களூரு பஸ்ஸுங்க பாய். வாங்க, போயி அவரக் கூட்டியாந்துரலாம்."

"தங்கச்சி, அது வந்து..."

"நல்லா இருக்காருன்னு ஊருக்கே மைக்குல சொன்னீங்க. கரையேத்துனவரு நீங்க, உங்களுக்குத்தான அடையாளம் தெரியும்?"

தெருவில் நாலு பேர் நின்று பார்த்தார்கள். அவர்களுக்கு இது நியாயமாகத்தான் பட்டது. கூட்டாளி காணாமல் போய் இரண்டு வருஷம், இந்தப் பாய் ஒரு தடவையாவது போய்த் தேடினானா என்று அவர்களில் ஒருவர் சத்தமாகவே கேட்டார். சலாவுதீன் சட்டையை மாட்டிக்கொண்டு அவள் பின்னால் நடந்தான்.

பஸ் ஸ்டாண்டில் பஸ் உறுமிக்கொண்டு நின்றது. படிக்கட்டுக்குப் பக்கத்தில் கண்ணம்மாள் நின்று திரும்பினாள். இப்போது அவள் குரல் தாழ்ந்திருந்தது, பக்கத்தில் நிற்பவனுக்கு மட்டும் கேட்கிற குரல்.

"ஏறறதுக்கு முன்ன ஒண்ணு கேக்கறேன். ரெண்டு வருசமா நான் சோறு எறங்காமக் கெடந்தேன். நேத்துக் காலையில சொன்னதுதான் நெசம்னா இப்பச் சொல்லுங்க. மைக்கு இல்லாம, என் மொகத்தப் பாத்துச் சொல்லுங்க. நான் பூவ எடுத்துட்டு வூட்டுக்குப் போயிர்றேன். உங்கள ஸ்டேசனுக்கும் இழுக்க மாட்டேன், சாபமும் வுட மாட்டேன். ஒரு வார்த்தை போதுமுங்க."

கண்டக்டர் விசில் ஊதினான். சலாவுதீன் அவள் முகத்தைப் பார்த்தான். அதில் கோபம் இருந்தால்கூடப் பரவாயில்லை என்று தோன்றியது. சொல்லிவிடு, சொல்லிவிடு என்று உள்ளே ஒருவன் அடித்துக்கொண்டான். செத்துட்டான் தங்கச்சி. இரண்டே சொல். உதடு அசைந்தது. பின்னால் யாரோ, "ஏறுங்க பாய், வழிய மறிச்சிக்கிட்டு" என்றார்கள். அவன் பார்வையைக் கீழே போட்டுக்கொண்டான்.

"ஏறு தங்கச்சி" என்றான். "போயிப் பாத்துரலாம்."

கண்ணம்மாளின் கண்ணில் மிச்சம் இருந்த ஏதோ ஒன்று அந்த நேரத்தில் அணைந்தது. பிறகு பையைத் தோளில் மாட்டிக்கொண்டு ஏறினாள்.

கண்டக்டர் வந்து எங்கே என்று கேட்டான். அவளே சொன்னாள். "பெங்களூரு, ரெண்டு." எத்தனை நாளில் திரும்புவது என்று பக்கத்து சீட்டுப் பெண் பேச்சுக் கொடுத்தாள். "ஆள் கெடைக்கற வரைக்குமுங்க" என்றாள் கண்ணம்மாள். "இவங்கதான் அவரோட கூட்டாளி. கண்டுபுடிச்சுக் குடுக்காமத் திரும்ப மாட்டாங்க."

பஸ் கிளம்பியது. சந்தைக்குப் போகிற ஆட்கள் சாலையின் இரண்டு ஓரமும் நடந்துகொண்டிருந்தார்கள். கண்ணம்மாள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அவன் பக்கம் குனிந்தாள்.

"நான் இந்தப் பக்கம் பாத்துக்கிட்டு வர்றேன் பாய். நீங்க அந்தப் பக்கம் பாருங்க. ஒரு ஆளையும் வுட்டுராதீங்க."

சலாவுதீன் தலையைத் திருப்பி, சாலையோரம் போகிறவர்களின் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்க்கத் தொடங்கினான்.